அணையாத உலையும் வீட்டுச் சாவியும்: கண்ணாடி ஆலைக் குடியிருப்பு, ஓர் எளிய விளக்கம்

பாலக்கோடு பக்கத்தில் வெல்லம் காய்ச்சும் கொட்டகையில் ஒரு நாள் நின்று பார்த்தவர்களுக்கு இந்தக் கட்டுரையின் பாதி ஏற்கெனவே தெரியும். கொப்பரையில் கரும்புச்சாறு கொதிக்கத் தொடங்கிவிட்டால், அதன் பதம் நம்முடைய வசதிக்காகக் காத்திருக்காது. நள்ளிரவில் பதம் வந்தாலும் அப்போதே இறக்கியாக வேண்டும். தப்பினால் அத்தனை சாறும் வீண். ஆகவே அடுப்புக்குச் சக்கை தள்ளுகிறவரும் பாகு துழாவுகிறவரும் தங்கள் குடும்பத்தோடு கொட்டகைக்கு அருகிலேயே தங்கிவிடுவார்கள். தங்க இடமும் வேளைச் சோறும் கைச்செலவுக்கு முன்பணமும் தோட்டத்துக்காரர் கொடுப்பார். ‘ஆலை இல்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை’ என்ற பழமொழி சொல்வதுபோல, ஆலை என்ற சொல்லே நம் மொழியில் முதலில் கரும்பாலையைத்தான் குறித்தது.

வெல்ல அடுப்பு பருவம் முடிந்ததும் அணைந்துவிடும். எல்லோரும் வீடு திரும்பிவிடுவார்கள். அணையவே முடியாத ஓர் அடுப்பு இருந்தால் அதைச் சுற்றி என்ன நடக்கும் என்று எண்ணிப் பாருங்கள். கண்ணாடி உலை அப்படிப்பட்ட அடுப்பு. அதைச் சுற்றித்தான் ஐரோப்பாவிலும் பின்னர் இந்தியாவிலும் முதலாளியே வீடும் பள்ளியும் கோயிலும் கட்டித் தந்த ஆலைக் குடியிருப்புகள் எழுந்தன.

கண்ணாடியின் மூலப்பொருள்கள் எளியவை: மணல், சோடா சாம்பல், சுண்ணாம்புக்கல். இவற்றை ஏறத்தாழ 1500 பாகை செல்சியஸ் வெப்பத்தில் உருக்க வேண்டும். அந்த வெப்பத்துக்கு ஓர் உலையைக் கொண்டுவரவே பல நாட்கள் ஆகும். திடீரென்று குளிரவிட்டால் உள்ளே இருக்கும் கண்ணாடி உறைந்து, அதைத் தாங்கும் களிமண் பானையும் உலைச்சுவரும் விரிசல் விடும். அதனால் உலை பண்டிகை நாளிலும் எரியும், சாவு வீட்டு நாளிலும் எரியும். இன்றைய பெரிய தொட்டி உலைகள் பத்துப் பதினைந்து ஆண்டுகள் ஒரே மூச்சில் எரிகின்றன. பழைய பானை உலைகளில் இன்னொரு சிக்கலும் இருந்தது. கலவை எப்போது தெளிந்து, ஊதுகுழலில் எடுக்கும் பதத்துக்கு வரும் என்பதைக் கடிகாரம் பார்த்துச் சொல்ல முடியாது. பிரான்சின் கிழக்கே 1764இல் தொடங்கப்பட்ட பக்காரா கண்ணாடி ஆலையில், பதம் வந்ததும் மணி அடிப்பார்கள். இரவானாலும் பகலானாலும் தொழிலாளர்கள் எழுந்து வர வேண்டும். அந்த மணியோசை கேட்கும் தூரத்தில் அவர்கள் குடியிருக்க வேண்டும் என்பதற்காகவே உலைக்கு அருகிலேயே அவர்களுக்கு வீடுகள் கட்டப்பட்டன. முதலில் வந்தது முதலாளியின் கருணை அன்று, உலையின் தேவை என்பதை இங்கே மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். இந்த ஏற்பாட்டைப் பற்றிய பல குழப்பங்கள் இதை மறப்பதால்தான் வருகின்றன.

இரண்டாவது காரணம் விறகு. நிலக்கரி வருவதற்கு முன் கண்ணாடி உலை காட்டைத் தின்று வாழ்ந்தது. காடு இருக்கும் இடத்துக்குத்தான் உலை போக வேண்டியிருந்தது. 1665இல் பிரெஞ்சு அரசின் ஆதரவில் தொடங்கிய கண்ணாடி நிறுவனம், அந்த நூற்றாண்டின் கடைசியில் செயின்ட் கோபைன் என்ற காட்டோரக் கிராமத்துக்கு நகர்ந்தது. நம் ஸ்ரீபெரும்புதூரிலும் ஆலை வைத்திருக்கும் அந்த நிறுவனத்துக்குக் கிராமத்தின் பெயரே நிலைத்துவிட்டது. காட்டு நடுவில் வாடகை வீடு கிடைக்காது, கடை இருக்காது, வைத்தியர் இருக்கமாட்டார். ஆகவே எல்லாவற்றையும் ஆலைக்காரரே கொண்டுவர வேண்டியதாயிற்று.

மூன்றாவது காரணம் கைத்திறன். ஊதுகுழலின் நுனியில் பாகைத் திரட்டி, சுழற்றிக்கொண்டே ஊதி, ஆறிப்போகும் முன்பே வடிவம் கொடுக்கும் வித்தை சிறு வயதிலிருந்து உலைப் பக்கத்தில் நின்று பழகினால்தான் கைவரும். தகப்பனிடமிருந்து மகனுக்குப் போன வித்தை அது. வித்தைக்காரர் வேறு ஊருக்குப் போய்விட்டால் ஆலையே போய்விட்டது என்று பொருள். வெனிஸ் அரசு 1291இல் தன் கண்ணாடிக் கலைஞர்களை முரானோ தீவுக்கு மாற்றியதற்குத் தீ விபத்து அச்சம் ஒரு காரணம். ஆனால் பின்னர் அவர்கள் தொழில் ரகசியத்தோடு வெளியேறவே கூடாது என்று தடையும் போட்டது. தடை போடுவது அரசால் முடியும். ஆலை முதலாளியால் முடிந்தது, வெளியேற மனம் வராதபடி செய்வது. நல்ல வீடு, பிள்ளைக்குப் பள்ளி, மகனுக்கு அதே உலையில் வேலை என்று வைத்துவிட்டால், யார் கிளம்புவார்கள்?

இப்போது கருத்துக்கு வருவோம். தொழிலாளிக்குக் கூலி கொடுப்பதோடு நில்லாமல், அவருடைய வீடு, உடல்நலம், பிள்ளைகளின் படிப்பு, வழிபாடு, பொழுதுபோக்கு, ஒழுக்கம் ஆகிய அனைத்துக்கும் முதலாளியே பொறுப்பேற்று, குடும்பத் தலைவர் தம் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வதைப்போல நடத்தும் முறைக்குத் தந்தைமை முறை என்று பெயர். தமிழில் இதற்கு மிகப் பொருத்தமான ஒரு வழக்கு உண்டு. முதலாளியையோ பண்ணையாரையோ ‘நமக்குப் படியளக்கிறவர்’ என்பார்கள். தெய்வத்துக்குச் சொல்லும் அதே சொல் அவருக்கும் சொல்லப்படுகிறது. படியளக்கிறவர் கொடுக்கிறார், கொடுக்கும் அளவையும் அவரே தீர்மானிக்கிறார். அளவு குறைகிறது என்று அவரிடம் சொல்வது கணக்குக் கேட்பதாக இல்லாமல் நன்றிகெட்ட பேச்சாக ஆகிவிடுகிறது. இந்த முறையின் உயிர்நாடி அந்த இடத்தில்தான் இருக்கிறது.

இதை முழுமையாகக் காட்டும் ஊர் போர்ச்சுகலின் மரின்யா கிராண்டே. 1769இல் வில்லியம் ஸ்டீபன்ஸ் என்ற ஆங்கிலேயர், மூடிக்கிடந்த ஒரு கண்ணாடி ஆலையை அரசின் ஆதரவோடு அங்கே மீண்டும் தொடங்கினார். அருகில் இருந்த அரசருடைய பைன் காட்டிலிருந்து விறகு எடுத்துக்கொள்ளும் உரிமை அவருக்குக் கிடைத்தது. அவர் ஆலையோடு நிற்கவில்லை. பயிலும் சிறுவர்களுக்குப் பள்ளி வைத்தார், இசை கற்பித்தார், நாடக அரங்கம் அமைத்தார். காட்டோரத்து உழைப்பாளிகள் மேடையேறி நடித்தார்கள். 1788இல் போர்ச்சுகல் அரசி முதலாம் மரியா அந்த ஊருக்கே வந்து பார்த்தார். வில்லியம் 1803இல் இறந்தபின் ஆலை தம்பி ஜான் ஜேம்ஸ் கைக்குப் போயிற்று. 1826இல் அவர் இறந்தபோது ஆலையைப் போர்ச்சுகல் நாட்டுக்கே எழுதிவைத்தார். இதைப் படிக்கும்போது மனம் நெகிழ்வது இயல்பு. நானும் நெகிழ்ந்தேன்.

அதே நாட்டில் 1824இல் தொடங்கிய விஸ்டா அலெக்ரே ஆலையும் இப்படித்தான். பீங்கானுக்குப் பெயர் பெற்ற அந்த ஆலை 1880 வரை கண்ணாடியும் செய்தது. தொழிலாளர் வீடுகள், தேவாலயம், பள்ளி, நாடக அரங்கம், ஆலைக்கென்றே தீயணைப்புப் படை என்று ஒரு முழு உலகம் அங்கே இருந்தது. பெல்ஜியத்தில் 1826இல் தொடங்கிய வால் செயின்ட் லம்பெர்ட் கண்ணாடி ஆலை, துறவிகள் விட்டுப்போன பழைய மடத்திலேயே குடியேறியது. மணியடித்தால் எழுவது, மணியடித்தால் கூடுவது, எல்லோரும் ஒரு சுற்றுச்சுவருக்குள் வாழ்வது என்று மடத்துக்கும் உலைக்குடியிருப்புக்கும் பொருத்தம் இருக்கத்தான் செய்கிறது.

இப்படிப்பட்ட வாழ்க்கை எப்படி இருந்திருக்கும் என்பதைப் புரிந்துகொள்ள எனக்கு உதவியது புத்தகம் அன்று, என் பெரியப்பாவின் வீடு. ஒசூர் பக்கத்தில் ஓர் ஆலையின் குவார்ட்டர்ஸில் அவர் இருபத்தாறு ஆண்டுகள் குடியிருந்தார். கண்ணாடி ஆலை அன்று. ஆனால் அங்கேயும் உலை உண்டு, மூன்று ஷிப்டு உண்டு, சங்கு உண்டு. பள்ளி விடுமுறைக்குப் போகும்போதெல்லாம் எனக்கு அது சொர்க்கமாகத் தெரிந்தது. எங்கள் ஊரில் குடத்தை எடுத்துக்கொண்டு பைப்படியில் வரிசை நிற்க வேண்டும். அங்கே குழாயைத் திறந்தால் தண்ணீர். மின்சாரம் போகாது. தீபாவளிக்கு எல்லா வீட்டுக்கும் ஒரே இனிப்புப் பெட்டி வரும். பெரியம்மாவுக்குக் கர்ப்பப்பையில் கட்டி வந்தபோது ஆலை ஆம்புலன்ஸிலேயே பெங்களூருக்குக் கொண்டுபோய், அறுவை சிகிச்சைச் செலவு முழுவதையும் ஆலையே கொடுத்தது. ‘உப்பிட்டவரை உள்ளளவும் நினை’ என்று பெரியப்பா சொன்னால் அது வெறும் பேச்சு அன்று. மனைவியின் உயிரை நினைத்துச் சொல்கிறார். தந்தைமை முறையைக் குறை சொல்லும் பலர் இந்த நன்றியை ஏமாளித்தனம் என்று ஒதுக்கிவிடுகிறார்கள். அது தவறு. அந்த நன்றி உண்மையானது; அதற்குக் காரணமான உதவியும் உண்மையானது.

ஆனால் அதே வீட்டில் சுவரில் ஓர் ஆணி அடிக்க வேண்டுமென்றாலும் எஸ்டேட் அலுவலகத்தில் எழுதிக் கேட்க வேண்டும். யார் வீட்டுக்கு விருந்தினர் வந்து எத்தனை நாள் தங்கினார்கள் என்பது கேட் நோட்டில் இருக்கும். வீட்டின் அளவே ஒருவரின் தகுதியைச் சொல்லும். ‘ஏ டைப்’ வீட்டுப் பிள்ளையும் ‘டி டைப்’ வீட்டுப் பிள்ளையும் ஒரே பள்ளிக்குப் போனாலும் மாலையில் ஒரே மைதானத்தில் விளையாடியதை நான் பார்த்ததில்லை. ஒருமுறை கூலி உயர்வு கேட்டுச் சங்கம் வாயிற்கூட்டம் போட்டபோது, பெரியப்பா போகவில்லை. பயமா என்று அண்ணன் கேட்டான். பெரியப்பா சட்டையின் மேல்பையிலிருந்து சாவியை எடுத்து மேசைமேல் வைத்தார். ஒன்றும் சொல்லவில்லை. பித்தளை வில்லையில் வீட்டு எண் பொறித்த சாவி அது.

அந்தச் சாவியைத்தான் இந்தக் கட்டுரையின் நடுவில் வைத்து விளக்க விரும்புகிறேன். வேலையும் வீடும் இரண்டு வேறு கைகளில் இருந்தால், ஒருவர் வேலையை இழந்தாலும் கூரை தலைக்குமேல் இருக்கும். அந்தத் துணிவில் அவர் நியாயம் பேசலாம். இரண்டும் ஒரே கையில் இருந்தால், வேலை போகும் அன்றே வீடும் போகும், பிள்ளையின் பள்ளியும் போகும், மருத்துவமனைச் சீட்டும் போகும். யாரும் மிரட்ட வேண்டியதே இல்லை. இன்றும் நம் நாட்டில் சட்டம் இதில் உறுதியாக இருக்கிறது. 2013ஆம் ஆண்டு கம்பெனிச் சட்டத்தின் 452ஆம் பிரிவின்படி, வேலையிலிருந்து விலகிய பின்னும் கம்பெனி வீட்டைக் காலி செய்யாதவர்மேல் குற்ற வழக்கே தொடரலாம். திருப்பித் தரும்படி நீதிமன்றம் உத்தரவிட்டும் தராவிட்டால் இரண்டு ஆண்டு வரை சிறையும் உண்டு. வீடு கம்பெனியின் சொத்து என்பதால் இந்தப் பிரிவில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் வாடகைக்குக் குடியிருப்பவருக்கு உள்ள பாதுகாப்பு குவார்ட்டர்ஸ்வாசிக்கு இல்லை என்பதைத் தெரிந்துகொண்டுதான் உள்ளே போக வேண்டும்.

ஒரே கை இரண்டையும் பிடித்திருக்கும்போது, கெட்ட காலம் வந்தால் என்ன ஆகும் என்பதற்கு அமெரிக்காவில் சிகாகோ அருகே ஜார்ஜ் புல்மேன் கட்டிய ரயில்பெட்டி ஆலை நகரமே பெரிய சான்று. அழகான செங்கல் வீடுகளும் நூலகமும் பூங்காவும் கொண்ட அந்த ஊரில், 1893இன் பொருளாதாரச் சரிவுக்குப்பின் கூலி வெட்டப்பட்டது; வீட்டு வாடகை குறைக்கப்படவில்லை. கூலி கொடுப்பவரும் அவரே, வாடகை வாங்குபவரும் அவரே. 1894இல் அங்கே வெடித்த வேலைநிறுத்தம் அமெரிக்க ரயில் போக்குவரத்தையே உலுக்கியது. ஆலைக்குத் தேவையில்லாத நகரச் சொத்துகளை விற்றுவிட வேண்டும் என்று இலினாய் மாநில உச்ச நீதிமன்றம் 1898இல் தீர்ப்பளித்தது.

கண்ணாடி ஊர்களும் இதற்கு விலக்கு அன்று. ஸ்டீபன்ஸ் சகோதரர்கள் பள்ளியும் நாடகமும் தந்த அதே மரின்யா கிராண்டேயில், அப்போது போர்ச்சுகலை ஆண்ட சர்வாதிகாரி சாலசாரின் அரசு சுதந்திரமான தொழிற்சங்கங்களைத் தடை செய்ததை எதிர்த்து 1934 ஜனவரி 18 அன்று கண்ணாடித் தொழிலாளர்கள் எழுந்தார்கள். காவல் படையின் நிலையத்தையும் அஞ்சலகத்தையும் சில மணி நேரம் தங்கள் கையில் வைத்திருந்தார்கள். அன்றே அது ஒடுக்கப்பட்டது. கைதானவர்களில் சிலர் பின்னர் கேப் வெர்டே தீவில் இருந்த தராஃபால் முகாமுக்கு அனுப்பப்பட்டார்கள். இங்கிலாந்தின் செயின்ட் ஹெலன்ஸ் நகரில் 1826இல் தொடங்கிய பில்கிங்டன் கண்ணாடி நிறுவனம், ஓய்வூதியமும் விளையாட்டு மன்றமும் கொடுத்துத் தலைமுறை தலைமுறையாக ஒரே குடும்பத்தாரை வேலைக்கு வைத்திருந்த நிறுவனம். அங்கே 1970இல், கூலிக் கணக்கில் நேர்ந்த ஒரு பிழையில் தொடங்கிய சச்சரவு ஏழு வாரப் பெரிய வேலைநிறுத்தமாக வளர்ந்தது. குடும்பம் என்று இவ்வளவு காலம் சொல்லிவந்த இடத்தில் இவ்வளவு கோபம் எப்படிச் சேர்ந்தது என்று பலரும் வியந்தார்கள். எனக்கு வியப்பில்லை. தகப்பனிடம் கணக்குக் கேட்க முடியாது. கேட்க முடியாத கணக்கு உள்ளேயே வட்டியோடு சேரும்.

இந்த ஊர்களைக் கடைசியில் மாற்றியது போராட்டத்தைவிட இயந்திரம் என்றே சொல்ல வேண்டும். 1903இல் அமெரிக்காவின் மைக்கேல் ஓவன்ஸ் புட்டியைத் தானாகச் செய்யும் இயந்திரத்தைக் கொண்டுவந்தார். ஊதுகுழல்காரரின் மூச்சுக்கும், அவருக்கு எடுபிடியாக இரவில் உலை முன்னால் ஓடிய சிறுவர்களின் கால்களுக்கும் அங்கே வேலை இல்லை. சிறுவர்கள் அந்தக் கொடுமையிலிருந்து விடுபட்டது நல்லது. பிறகு 1959இல் பில்கிங்டன் அறிவித்த மிதவைக் கண்ணாடி முறை வந்தது. உருகிய வெள்ளீயத்தின்மேல் கண்ணாடியை மிதக்கவிட்டுத் தட்டையாக்கும் இந்த முறையில், மெருகேற்றும் வேலைகளும் போயின. உலை இன்றும் அணைவதில்லை. ஆனால் மணியோசைக்கு ஓடிவர வேண்டிய வித்தைக்காரர் தேவையில்லை. ஷிப்டுப் பேருந்து போதும். தேவை போனதும் வீடு கட்டித்தரும் கருணையும் மெல்ல மெல்லப் போயிற்று.

இந்தியாவில் இந்த ஏற்பாடு வந்தபோது அதற்குச் சுதேசி நிறம் இருந்தது. மகாராஷ்டிரத்தில் கராடு அருகே 1916இல் ஓகலே சகோதரர்கள் கண்ணாடி ஆலை வைத்த இடம் ஓகலேவாடி என்றே பெயர் பெற்றது. பிரபாகர் லாந்தர் விளக்கு அங்கிருந்துதான் வந்தது. இரும்புக் கலப்பை ஆலையைச் சுற்றி 1910இல் எழுந்த கிர்லோஸ்கர்வாடியும் அதே வகை. ஜாம்ஷெட்பூரில் டாடா எஃகு ஆலை 1912லேயே எட்டு மணி நேர வேலையைக் கொண்டுவந்தது. சட்டம் கட்டாயப்படுத்துவதற்குப் பல ஆண்டுகள் முன்பு. நம் மாநிலத்தில் மதுரை மில் தொழிலாளர்களுக்காக எழுந்த ஹார்விபட்டி இன்றும் அந்தப் பெயரிலேயே இருக்கிறது. இதற்கு நேர்மாறாக, வளையலுக்குப் பெயர் போன பிரோசாபாத்தில் உலை ஒருவருடையது, வளையலை இணைப்பதும் பூவேலை செய்வதும் சந்து வீடுகளில் துண்டு வேலை. அங்கே படியளக்கிறவர் யாரும் இல்லை. நோய் வந்தால் கேட்பாரும் இல்லை. தந்தைமை இல்லாத இடமெல்லாம் விடுதலை என்று எண்ணிவிடக் கூடாது என்பதற்காகவே இதைச் சொல்கிறேன்.

தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டத்தாருக்கு இது தூரத்துக் கதை அன்று. மழை பொய்த்த ஆண்டுகளில் நம் ஊர்களிலிருந்து எத்தனையோ பெண்பிள்ளைகள் சுமங்கலித் திட்டம் என்ற பெயரில் கொங்குப் பகுதி நூற்பாலைகளுக்குப் போனார்கள். மூன்று ஆண்டு விடுதியில் தங்கி வேலை செய்தால் கடைசியில் கல்யாணச் செலவுக்கு மொத்தமாக ஒரு தொகை என்பது பேச்சு. ‘உங்கள் மகளை எங்கள் மகளைப்போலப் பார்த்துக்கொள்வோம்’ என்றுதான் தரகர் சொல்வார். பார்த்துக்கொள்வது என்பதற்கு வெளியே விடாமல் வைத்திருப்பது என்றும் பொருள் உண்டு என்பது பிறகுதான் தெரிந்தது. நடுவில் நோயோடு திரும்பியவர்களுக்கு அந்தத் தொகை வரவில்லை என்ற கதை எங்கள் தெருவிலேயே இரண்டு வீடுகளில் உண்டு. முதலாளியின் நல்ல மனத்தை மட்டும் நம்பிய ஏற்பாட்டில், வாக்குறுதியைக் கேட்டு வாங்க வழியில்லை.

ஒசூரைச் சுற்றி இப்போது எழும் புதிய ஆலைகளில் பெண்களுக்கு விடுதியோடு கூடிய வேலை கிடைக்கிறது. நல்ல சோறு, சுத்தமான படுக்கை, பி.எஃப். பிடித்தம், மாதம் பிறந்தால் வங்கியில் சம்பளம். பழைய திட்டத்தோடு இதை ஒப்பிடவே கூடாது. இருந்தாலும் என் அக்காள் மகளுக்கு அப்படி ஒரு வேலை வந்தபோது, நாங்கள் அறையின் அளவைக் கேட்கவில்லை. மூன்று செய்திகளைக் கேட்டோம். விடுதியில் தங்காமலே அந்த வேலையில் இருக்கலாமா? விடுதிக்கும் சோற்றுக்கும் பிடிக்கும் பணம் சம்பளச் சீட்டில் தனித்தனியாக வருமா? விடுப்பு நாளில் வெளியே போக அவள் கையெழுத்துப் போதுமா, வீட்டாரின் கையெழுத்து வேண்டுமா? முதல் இரண்டுக்கும் நல்ல பதில் வந்தது. மூன்றாவதற்கு, தகப்பனார் போனில் சொன்னால்தான் கேட் திறக்கும் என்றார்கள். இருபத்தொரு வயதுப் பெண். வாக்களிக்கிறாள், வேலை பார்க்கிறாள். அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாமல் போய்ச் சேர்ந்தாள். ஏழாவது மாதம் கூட வேலை பார்க்கும் இரண்டு பெண்களோடு சேர்ந்து ஊருக்குள் ஒரு மாடி அறையை வாடகைக்கு எடுத்தாள். போகியன்று நான் அங்கே போனபோது மூன்று சாவி செய்து ஆளுக்கொன்று வைத்திருந்தார்கள். ஷிப்டுப் பேருந்து அந்தத் தெருமுனையில் காலை ஐந்தே காலுக்கு நிற்கிறது.